கழியின் புது ஆழம்

வாயாடி என்றால் அந்தக் குடியிருப்பில் ஒருத்தியைத்தான் குறிக்கும். பாலம் கட்ட வந்தவர்கள் லாரி போவதற்காக உப்பங்கழிக்குக் குறுக்கே கல்லும் மண்ணும் கொட்டிப் பாதை போட்டார்கள். பாலம் முடிந்ததும் பாதையை அள்ள மறந்துவிட்டார்களாம். மறதியாம், நம்புங்கள்! தண்ணீர் தேங்கி நாறியது, இறால் போன இடம் தெரியவில்லை. வாயாடிதான் அலுவலகம் அலுவலகமாக ஏறி இறங்கினாள். உட்காரச் சொல்லாத அறைகளில் தரையில் உட்கார்ந்து கத்தினாள். அவள் தொல்லை தாங்காமல்தான் உத்தரவு போட்டார்கள் என்று பெண்கள் சொல்லிச் சிரிப்பார்கள்.

இயந்திரம் வந்து அள்ளியது. வாயாடிக்குத் தலைகால் புரியவில்லை. ஆனால் கரையில் குவிந்திருந்ததைப் பார்த்ததும் வேலையை நடத்திய மேஸ்திரியிடம் ஓடினாள். கல்லைவிடக் கருஞ்சேறுதான் அதிகம்.

"இவ்ளோ ஆழமாவா தோண்டுனீங்க?"

"நீதானேம்மா சுத்தமா அள்ளச் சொன்ன?" என்றார் மேஸ்திரி. "நாளைக்குக் காலையில பெரிய அதிகாரி பாலத்துமேல நின்னு பாப்பாரு. நீங்க எறங்கிப் பிடிச்சா இது உங்க இடம். யாரும் எறங்கலன்னா இங்க மீன் பிடிக்க ஆளே இல்லன்னு வேலி போட்டுடுவாங்க."

மறுநாள் காலை வாயாடியின் தங்கை அடுப்பை அணைத்துவிட்டுத் தயங்கி நின்றாள். "பயமா இருக்குக்கா. கோல் விட்டு ஆழம் பாத்துட்டு எறங்கலாமே?"

"அதிகாரி முன்னாடி கோல் விட்டா நமக்கே பழக்கமில்லாத எடம்னு ஆயிடும். என் பக்கத்துலயே வா."

இறாலைக் கையால் தடவிப் பிடிப்பது இவர்கள் தொழில். கழுத்தளவு தண்ணீரில் முட்டி போட்டு வரிசையாக நகர்வார்கள். இரண்டு கையும் சேற்றைத் துழாவும் என்பதால், பிடித்த இறாலைப் போடும் ஓலைப் பறியின் கயிற்றைப் பல்லில் கவ்விக்கொள்வார்கள். வாயைத் திறந்தால் பிடித்ததெல்லாம் போச்சு. முள் குத்தினாலும் கத்தாமல் இருப்பது சின்ன வயதிலேயே ஊறிப்போன பழக்கம்.

வரிசை பாதித் தூரம் போயிருக்கும். வாயாடியின் முட்டிக்குக் கீழே தரை இல்லை. சட்டென்று பின்வாங்கித் திரும்பினாள். தங்கை இருந்த இடத்தில் தண்ணீர் மட்டும் இருந்தது. ஒரு சத்தம்கூட வரவில்லையே! மூச்சை அடக்கி மூழ்கித் துழாவினாள், தலைமுடி கையில் சிக்கியது. இழுத்து வந்தபோது தங்கையின் கண் செருகியிருந்தது, பல் கயிற்றை விடவில்லை. தாடையைப் பிரித்துத்தான் மூச்சு வாங்க வைத்தாள்.

"ஐயோ, என்னம்மா ஆச்சு?" பாலத்திலிருந்து அதிகாரி பதறினார். "ஆபத்தான எடமா? அப்படின்னா இனிமே யாரையும் எறங்க விடக்கூடாது!"

பாவம், மனிதர் நிஜமாகவே இரக்கப்பட்டார். அதுதான் வாயாடியைப் பயமுறுத்தியது.

"வழுக்கிடுச்சுங்க!" என்று உரக்கச் சொன்னாள். "இவளுக்கு எப்பவும் கவனமே கிடையாது!" பிறகு தங்கையின் காதோரம், "சிரிடி. உன் கால்ல விழறேன், திரும்ப எறங்கு" என்றாள்.

தங்கை அவளை ஒரு பார்வை பார்த்தாள். சேறு ஒட்டிய முகத்தோடு சிரித்தாள். கயிற்றைக் கவ்விக்கொண்டு இறங்கினாள். மற்ற பெண்களும் எதுவும் நடக்காதது போலக் குழியைச் சுற்றிக்கொண்டு நகர்ந்தார்கள். அதிகாரி திருப்தியாகக் கையாட்டிவிட்டுப் போனார்.

வேலை நன்றாக முடிந்ததென்று அன்று மாலையே இயந்திரத்தை லாரியில் ஏற்றினார்கள். வாயாடி கரையில் நின்று பார்த்தாள். குழியே இல்லையென்று சாதித்தவள், எந்த முகத்தோடு போய் அதை மூடச் சொல்வாள்? எங்கெங்கே இன்னும் எத்தனை குழியோ.

வீட்டில் தங்கை ஈரத் தலையோடு சுவரில் சாய்ந்திருந்தாள். வாயாடி அவள் காலைப் பிடித்துக்கொண்டு அழுதாள்.

"அழறதெல்லாம் இருக்கட்டும்," என்றாள் தங்கை. "நாளைக்கு யாரை முதல்ல எறக்கப் போற?"

அவள் காலை இழுத்துக்கொள்ளவில்லை. பதிலுக்காகக் காத்திருந்தாள்.